பச்சைப் பலகைக்குக் கீழே எண்ணியது

ஓடுகிறேன். சங்கு ஊதுகிறது. மூன்று நீள ஊதல். வியாழக்கிழமை. காலை ஆறு நாற்பது. வலது கையில் இரும்பு தேய்க்கும் கிரைண்டர். கீழே போட மறந்துவிட்டேன். பிய்ந்த வயர் பின்னால் மண்ணில் இழுபடுகிறது.

மேலே இன்னொரு சத்தம். நாலு வீடு தள்ளி யாரோ தையல் மிஷின் ஓட்டுவது போல. அது ட்ரோன்.

அந்த நாட்டுப் படைக்காரர்கள் சிதறுகிறார்கள். ஒருவன் சாக்கடைக் குழாய்க்குள் நுழைகிறான். ஒருவன் பள்ளத்தில் குதிக்கிறான். ஒருவன் நின்ற இடத்திலேயே குப்புற விழுகிறான். ஆளுக்கு ஒரு திசை. நாங்கள் மட்டும் ஒரே திசையில் ஓடுகிறோம். தண்ணீர்த் தொட்டியை நோக்கி. தொட்டியின் காலில் ஒரு பச்சைப் பலகை. நான்கு மூலையிலிருந்தும் நான்கு அம்புகள். நடுவில் மனிதர்கள் கூடி நிற்கும் படம்.

பலகைக்குக் கீழே வரிசையாக நிற்கிறோம். தலையைத் தொட்டுத் தொட்டு எண்ணுகிறேன். ஒண்ணு, தேவராஜ். ரெண்டு, முரளி. மூணு, நாசர். நாலு, கஜா. என்னைச் சேர்த்து ஐந்து.

ஆறு வரவில்லை.

இதற்குப் பிறகு நடந்ததைப் பதினான்கு மாதம் நான் யாரிடமும் சொல்லவில்லை. இப்போது எழுதுகிறேன். என் பெயர் ஏழுமலை. ஐந்தாம் வகுப்பு வரை படித்தேன். ஊர் கும்மிடிப்பூண்டிக்குப் பக்கம். அந்த நாட்டின் பெயரை எழுதவில்லை. வழக்கு நடக்கிறது. வக்கீல் வேண்டாம் என்றார். அங்கே அரசுப் படை ஒரு பக்கம், அதை எதிர்த்த படை ஒரு பக்கம், ஒரே நாட்டு ஜனங்கள் அடித்துக்கொண்டார்கள். அதில் நாங்கள் ஆறு பேர் தன்னார்வப் படை வீரர்கள். நாங்கள் கையெழுத்துப் போட்ட தாளில் அப்படித்தான் இருக்கிறது.

கஜாவின் மனைவி சுமதி என்னை எங்கே பார்த்தாலும் ஒரு கேள்விதான் கேட்பாள். ரேஷன் கடையில் கேட்டாள். ரயில்வே கேட்டில் கேட்டாள்.

"அந்த ஊருக்காரன்லாம் தப்பிச்சிக்கினான். இவங்க மட்டும் ஏண்ணா ஒரே எடத்துல நின்னாங்க?"

நான் தலையைக் குனிந்துகொண்டு போய்விடுவேன். பேசத் தெரியாதவன் என்று ஊருக்கே தெரியும். அதனால் யாரும் சந்தேகப்படவில்லை.

பதில் இங்கே தொடங்குகிறது. தொழிற்பேட்டையில். பழைய இரும்பை உருக்கிக் கம்பி இழுக்கும் ஒரு மில்லில். நாங்கள் ஆறு பேரும் அங்கேதான் வேலை பார்த்தோம். பத்து வருடம், பதினைந்து வருடம். எனக்குப் பத்தொன்பது.

மில்லில் மூன்று நீள ஊதல் என்றால் தீ. கையில் எது இருந்தாலும் போட்டுவிட்டு கேட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் பச்சைப் பலகைக்கு ஓட வேண்டும். வரிசையில் நிற்க வேண்டும். ஷிப்டுக்கு ஒருவர் எண்ண வேண்டும். எங்கள் ஷிப்டில் நான். சூப்பர்வைசர் சொன்னார், "இவன்தான் வாயே தெறக்க மாட்டான். கவனம் சிதறாது." சுவரில் பெயின்டில் எழுதியிருந்தது: எண்ணிக்கை முடியும் வரை யாரும் நகரக் கூடாது.

சும்மா பயிற்சி என்று சிரிப்பார்கள். ஒரு செவ்வாய்க்கிழமை யாரும் சிரிக்கவில்லை. வந்த ஸ்கிராப்பில் இரண்டு பக்கமும் அடைத்த ஒரு குழாய். உள்ளே தண்ணீர். பர்னஸ் உலையில் விழுந்ததும் வெடித்தது. உருகிய இரும்பு மழை மாதிரி கொட்டியது. ஓடினோம். எண்ணினேன். நாற்பத்தொன்று. நாற்பத்திரண்டு இருக்க வேண்டும். இன்னொரு முறை எண்ணினேன். நாற்பத்தொன்றுதான். அப்போதுதான் கஜா இல்லை என்று தெரிந்தது. கரண்ட் பேனலுக்குப் பின்னால் புகையில் மயங்கிக் கிடந்தான். இடது கையில் இரும்பு விழுந்து தோல் சுருண்டிருந்தது. நானும் தேவராஜும் இழுத்து வந்தோம்.

அதன் பிறகு கஜா எல்லாரிடமும் சொல்வான். "ண்ணா மட்டும் எண்ணலன்னு வெச்சுக்க, நான் இன்னேரம் செவுத்துல மாலையோட தொங்கிக்கினு இருப்பேன்."

எண்ணினால் உயிர் மிஞ்சும். இதை நாங்கள் கண்ணால் பார்த்தவர்கள்.

மில்லை மூடினார்கள். ஏழு மாதம் வேலை இல்லை. ஏஜென்ட் ஒருவர் வந்தார். வெளிநாட்டில் சிமெண்ட் ஆலை, வெல்டர், பிட்டர் வேலை, ஆறு பேர் வேண்டும் என்றார். தேவராஜ் கிரேன் ஓட்டுகிறவர், எங்களில் மூத்தவர். முரளி ஆரம்பாக்கத்துக்காரன், பாதி தெலுங்கு. நாசர் பழவேற்காடு. குடும்பம் முழுக்க கருவாட்டு வியாபாரம், இவர் மட்டும் இரும்புக்கு வந்தவர். கஜா ஆர்.கே.பேட்டை, குடியிருந்தது எங்கள் ஊரில். ஆறாவது வேலு. என் மனைவி கன்னியம்மாளின் தம்பி. முப்பத்திரண்டு வயது. நல்ல வெல்டர். தையல் போட்ட மாதிரி பற்ற வைப்பான்.

கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனில் கன்னியம்மா என் சட்டைக் காலரைப் பிடித்துச் சரி செய்தாள். "மில்லுல எண்ணுவியாமே. ஆறு பேரு போறீங்க. கொறையாம இட்டுக்கினு வா." வேலு ரயில் படியில் நின்று சிரித்தான். "நான் இன்னா ஆடா, எண்றதுக்கு?"

ஆலை இருந்தது. சிமெண்ட் இல்லை. சூளை அணைந்து ஆறிக் கிடந்தது. முற்றம் முழுக்கத் திறந்த வண்டிகள். சின்ன லாரிகள். துப்பாக்கி வைத்தவர்கள். ஏஜென்ட் கொடுத்த போன் நம்பர் அடித்தது. யாரும் எடுக்கவில்லை. மறுநாள் அதுவும் அடிக்கவில்லை.

மூன்றாம் நாள். ஒரு தகர மேசை. அதன் பின்னால் கமாண்டர். ஆளுக்கு ஒரு தாள் கொடுத்தான். அரபி எழுத்து. எங்களில் அந்த எழுத்து தெரிந்தவர் நாசர் ஒருவர்தான். சின்ன வயதில் பள்ளிவாசலில் ஓதக் கற்றவர். தாளைப் பிடித்துக்கொண்டு ராகத்தோடு படித்தார். தங்குதடை இல்லை. கமாண்டரே ஆச்சரியப்பட்டுத் தலையாட்டினான்.

"இன்னா எழுதிகீது பாய்?" கஜா கேட்டான்.

"எழுத்து தெரியுது. அர்த்தம் தெரில. எங்களுக்கு ஓதத்தான் கத்துக் குடுத்தாங்க."

தேவராஜ் தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "சாமி எழுத்துலயா பொய் எழுதப் போறாங்க? குடு, போடலாம்."

போட்டோம். நான்தான் முதலில் போட்டேன். ஊர் திரும்பி, வழக்குக்காகத் திருவள்ளூருக்குப் போன பிறகு ஒருவர் தமிழில் சொன்னார். "நான் என் சொந்த விருப்பத்தின் பேரில் இந்தப் படையில் சேருகிறேன். எனக்கு நேர்வதற்கு நானே பொறுப்பு."

வேலை கொடுத்தார்கள். வண்டிகளின் பக்கத்தில் இரும்புத் தகடு பற்ற வைக்கும் வேலை. ஆறு மில்லிமீட்டர் தகடு. நடுவில் துப்பாக்கி நீட்ட ஓட்டை. ஒரு நாளைக்கு இரண்டு வண்டி. வேலு பற்ற வைத்த வண்டியைத்தான் எல்லாரும் கேட்டார்கள். காலையில் வண்டி போகும். மாலையில் வரும். கழுவுவதும் நாங்கள்தான்.

பத்தாம் நாள் சீருடை கொடுத்தார்கள். யாரோ போட்டது. கஜாவுக்குக் கிடைத்த சட்டையில் நெஞ்சுக்கு நேராக ஒரு ஓட்டை. சுற்றிலும் பழுப்புக் கறை. விரலை விட்டு ஆட்டிக் காட்டினான். "நல்லா காத்தோட்டமா கீது." யாரும் சிரிக்கவில்லை. அவனும் பிறகு சிரிக்கவில்லை.

பதினான்காம் நாள் ஒரு வண்டி கழுவினேன். தகட்டுக்கும் கதவுக்கும் நடுவில் ஏதோ சிக்கியிருந்தது. ஸ்க்ரூ டிரைவரால் நெம்பினேன். ஒரு செருப்பு. என் உள்ளங்கை அளவு. சிவப்பு ரப்பர். வார் அறுந்திருந்தது. அது வேலு பற்ற வைத்த தகடு. அவனிடம் காட்டவில்லை. சூளைக்குப் பின்னால் போட்டேன். ஆனால் அவன் பார்த்துவிட்டான். அன்று அவன் சாப்பிடவில்லை. மறுநாள் தகடு பற்ற வைத்தான். வேறு என்ன செய்வது?

பதினெட்டாம் நாள் துப்பாக்கி கொடுத்தார்கள். ஆறு பேருக்கு மூன்று. சாலைத் தடுப்பில் காவல். நானும் முரளியும் நின்றோம். பகல் பன்னிரண்டு மணி. ஒரு பஸ் வந்தது. படைக்காரர்கள் ஆண்களை இறக்கினார்கள். பதினொரு பேர். பஸ்ஸைச் சுற்றிக்கொண்டு பின்னால் நடத்திப் போனார்கள். வெடிச் சத்தம் நான்கு. விட்டு விட்டு. திரும்பி வந்து பஸ்ஸில் ஏறியவர்கள் ஏழு பேர். நான் எண்ண வேண்டும் என்று எண்ணவில்லை. பழக்கம். தானாக எண்ணிக்கொண்டது. என் கையில் துப்பாக்கி இருந்தது. நான் சுடவில்லை. தடுக்கவும் இல்லை. முரளி என் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, "நைனா, ஊட்டுக்குப் போலாம் நைனா" என்றான். அவனுக்கு நாற்பது வயது. மூன்று பெண் குழந்தைகள்.

நாங்கள் சுத்தமானவர்கள் என்று நான் எழுத மாட்டேன்.

இருபத்திரண்டாம் நாள் முதல் ட்ரோன் வந்தது. ஆலையின் பழைய சங்கை ஊதினார்கள். மூன்று நீள ஊதல். எங்கள் மில்லில் ஊதுவது போலவே. எல்லாரும் எங்கெங்கோ ஓடினோம். அது போன பிறகு முரளியைக் காணோம். இரண்டு மணி நேரம் தேடினோம். செத்துவிட்டான் என்று தேவராஜ் தலையில் அடித்துக்கொண்டு அழுதார். முரளி மூட்டைக் கிடங்கில் தூங்கிக்கொண்டிருந்தான். காய்ச்சல். சங்கே கேட்கவில்லை.

அன்று மாலை நான் தண்ணீர்த் தொட்டியின் காலில் இருந்த பலகையைத் துடைத்தேன். சிமெண்ட் தூசி. துடைக்கத் துடைக்கப் பச்சை வந்தது. அம்புகள் வந்தன. மனிதர்கள் வந்தார்கள். எழுத்து வேறு. படம் ஒன்றே. எங்கள் மில்லின் அதே படம்.

நான்தான் சொன்னேன். என் வாழ்க்கையில் நானாக மற்றவர்கள் முன்னால் வாய் திறந்து சொன்ன யோசனை அது ஒன்றுதான். "சங்கு ஊதுனா எல்லாரும் இங்க வந்துடுங்க. மில்லுல மாதிரி. நான் எண்றேன். எண்ணி முடிக்கிற வரைக்கும் நவுறக் கூடாது. யாரையும் உட்டுட்டுப் போகக் கூடாது."

தேவராஜ் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "இதான்யா சரி." நாசர் தலையாட்டினார். கஜா என் கையைப் பிடித்துக்கொண்டான். அந்த நாட்டுக்குப் போனதிலிருந்து அன்றுதான் எல்லாரும் தூங்கினோம். நமக்கு ஒரு முறை இருக்கிறது என்ற நிம்மதி.

தீக்கு எல்லாரும் ஓரிடத்தில் கூட வேண்டும். மேலே இருந்து பார்ப்பவனுக்கு எதிரே கூடவே கூடாது. இந்த வித்தியாசம் எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. பத்தொன்பது வருடம் உடம்பில் ஏறியிருந்தது.

அதன் பிறகு மூன்று முறை ட்ரோன் வந்து சங்கு ஊதியது. மூன்று முறையும் ஓடி வந்து நின்றோம். எண்ணினேன். ஆறு. மூன்று முறையும் ட்ரோன் எங்கள் தலைக்கு நேர் மேலே வந்து நின்றது. பார்த்தது. போனது. இரண்டாம் முறை கஜா தலைமுடியைக் கோதிக்கொண்டான். "போட்டோ புடிக்கிறான்டா. மூஞ்சிய நல்லா வெச்சிக்கங்க."

அங்கே ஒரு சமையல்காரன் இருந்தான். அந்த நாட்டுக்காரன். ஒரு கண் இல்லை. மூன்றாம் முறை அவன் பள்ளத்திலிருந்து எழுந்து எங்களைப் பார்த்துக் கத்தினான். இரண்டு கையையும் விரித்து விரித்துக் காட்டினான். நாங்கள் நகரவில்லை. எண்ணிக்கை முடியவில்லை. அவன் கல்லெடுத்து எறிந்தான். ஒரு கல் நாசரின் முழங்காலில் பட்டது.

"இவன் இன்னாடா, நாய வெரட்ற மாதிரி வெரட்றான்!" என்றான் கஜா.

அந்தப் போரில் எங்கள் உயிரைக் காப்பாற்ற நினைத்தவன் அவன் ஒருவன்தான். அன்று அவனை நாங்கள் திட்டினோம்.

முப்பத்தொன்றாவது நாள். வியாழக்கிழமை. ஆறு நாற்பது. ஐந்து பேர் நிற்கிறோம். வேலு இல்லை.

வண்டிக் கொட்டகையில் ஜெனரேட்டர் ஓடுகிறது. வேலு வண்டிக்கு அடியில் படுத்துப் பற்ற வைத்துக்கொண்டிருப்பான். முகத்தில் கவசம். சங்கு காதில் விழாது. எனக்குத் தெரிந்துவிட்டது.

கஜா மேலே பார்க்கிறான். இன்று சத்தம் வேறு. இரண்டு தையல் மிஷின். "ண்ணா, இன்னிக்கி ரெண்டு வந்துகீது. பள்ளத்துல எறங்கிடலாம். வேலு வந்துடுவான்." ஒரு கால் எடுத்து வைத்தான்.

நான் கத்தினேன். அப்படி நான் கத்தியதே இல்லை. "நவுறாதீங்க! எண்ணிக்கை முடில! யாரும் நவுறாதீங்க!"

எடுத்த காலை கஜா திரும்ப வைத்தான். அந்தக் கால் திரும்பி வந்ததை நான் பார்த்தேன்.

கொட்டகைக்கு ஓடினேன். அறுபது அடி தூரம். "வேலு! டேய் வேலு! பலகைக்கு ஓடு! ஓடுறா!"

அவன் வண்டிக்கு அந்தப் பக்கமாக வெளியே வந்தான். கவசத்தை நெற்றிக்கு மேலே தூக்கினான். என்னைப் பார்த்தான். கையைக் காட்டினான். ஓடினான். நல்ல ஓட்டம். ஜெனரேட்டர் பக்கமாகப் படுத்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. கொட்டகையின் சுவர் அவனைக் காப்பாற்றியிருக்கும். ஓடு என்று சொன்னது நான். பலகைக்குப் போய்ச் சேர்ந்தான். கஜாவுக்குப் பக்கத்தில் நின்றான். தன் தலையில் தானே கையை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்துக் கத்தினான்.

"ஆறு, மாமா!"

விசில் மாதிரி ஒரு சத்தம். இரண்டு நொடி. பிறகு சத்தமே இல்லை. தரை என்னைத் தூக்கி எறிந்தது. வாயில் சிமெண்ட். தொட்டி உடைந்து தண்ணீர் கொட்டுகிறது. கொட்டுவது தெரிகிறது. கேட்கவில்லை.

எழுந்து போனேன். நீண்ட நேரம் என்று நினைத்தேன். கையில் கட்டியிருந்த வாட்ச் ஆறு நாற்பத்தேழு காட்டியது. ஏழு நிமிடம்.

தேவராஜுக்குத் தலை இல்லை. முரளி உட்கார்ந்த நிலையில் இருந்தான். வெளியே ஒரு காயமும் தெரியவில்லை. தொட்டதும் சாய்ந்தான். கஜாவை அந்த இடது கையால் அடையாளம் கண்டேன். பர்னஸ் சுட்ட தழும்பு. கை மட்டும் தனியாக இருந்தது. வேலு பலகைக்கு நேர் கீழே கிடந்தான். கண் திறந்திருந்தது. வயிற்றில் இருக்க வேண்டியது வெளியே இருந்தது. பதினொரு நிமிடம் உயிரோடு இருந்தான். ஏதோ சொன்னான். உதடு அசைந்தது. எனக்குக் காது கேட்கவில்லை. என் மைத்துனன் கடைசியாக என்ன சொன்னான் என்பது எனக்குத் தெரியாது. கன்னியம்மாளிடம் "அக்கா" என்று சொன்னதாகப் பொய் சொன்னேன்.

நாசர் உயிரோடு இருந்தார். வலது கால் முட்டிக்கு மேலே இல்லை. நான் கிரைண்டர் வயரால் இறுக்கிக் கட்டினேன். கையோடு இழுத்து ஓடியது அதற்கு ஆயிற்று.

ஒற்றைக்கண் சமையல்காரன் ஒரு சிமெண்ட் சாக்கோடு வந்தான். என்னோடு சேர்ந்து பொறுக்கினான். சூளைக்குப் பக்கத்தில் பள்ளம் தோண்டினோம். நான்கு சாக்கு. எந்தச் சாக்கில் யார் என்று சரியாகச் சொல்ல முடியாது. முடித்ததும் எண்ணினேன். கை விரலை மடக்கி மடக்கி. அவன் என் கையைப் பிடித்துக் கீழே இறக்கினான்.

மூன்று நாள் கழித்து ஆலையை விட்டுப் படை ஓடியது. நாசரை ஒரு வண்டியில் போட்டு எல்லைக்குக் கொண்டு வந்தேன். வண்டிக்கு வேலு பற்ற வைத்த தகடு. வழியில் ஆறு இடத்தில் சுட்டார்கள். தகடு தாங்கியது. எல்லையில் மருத்துவர்கள் இருந்தார்கள். ஐந்து வாரம் கழித்து ஊர் வந்து சேர்ந்தோம்.

எங்களுக்கு முன்பே வீடியோ வந்து சேர்ந்திருந்தது.

எதிர்த் தரப்பின் ட்ரோன் மேலிருந்து எடுத்து, அவர்களே வெளியே விட்டது. நாற்பத்து மூன்று நொடி. கும்மிடிப்பூண்டியில் எல்லார் போனிலும் இருந்தது. சீருடை போட்ட ஐந்து பேர் வரிசையாக நிற்கிறார்கள். ஒருவன் ஒவ்வொரு தலையாகத் தொட்டுக்கொண்டு போகிறான். பிறகு அவன் மட்டும் ஓடுகிறான். இன்னொருவன் ஓடி வந்து வரிசையில் சேருகிறான். தலையில் கை வைக்கிறான். பிறகு வெள்ளை. அடியில் யாரோ பாட்டு சேர்த்திருந்தார்கள். வேலுவின் அம்மா அதைப் பார்த்தார். பக்கத்து வீட்டுக்காரர் தெரியாமல் காட்டிவிட்டார்.

குடும்பங்கள் ஏஜென்ட் மேல் திருவள்ளூரில் வழக்குப் போட்டன. வேலை என்று சொல்லிப் போருக்கு அனுப்பினான் என்று. ஏஜென்டின் வக்கீல் இரண்டே சாட்சி காட்டினார். நாங்கள் கையெழுத்திட்ட தாள். இந்த வீடியோ. "வேலைக்குப் போனவர்கள் இப்படியா அணிவகுத்து நிற்பார்கள்? ஒருவர் அணியைப் பார்வையிடுகிறார். மற்றொருவர் சல்யூட் அடிக்கிறார். இவர்கள் விரும்பிச் சேர்ந்த படை வீரர்கள்."

அது அணிவகுப்பு இல்லை என்று சொல்லக்கூடியவர்கள் உலகத்தில் இரண்டே பேர். சொன்னால் செத்தவர்கள் தொழிலாளிகள் ஆவார்கள். சொன்னால் அவர்களை அங்கே நிற்க வைத்தவன் யார் என்பதும் தெரிந்துவிடும். சுமதி கேட்ட கேள்விக்குப் பதிலும் அதுவே.

பழவேற்காட்டுக்குப் போய் நாசரைப் பார்த்தேன். கட்டிலில் உட்கார்ந்து மகன் கொண்டு வந்த நாஷ்டாவைத் தொடாமல் வைத்திருந்தார். காது ஒன்றுதான் கேட்கும். அந்தப் பக்கம் உட்கார்ந்தேன்.

"சொல்லிடப் போறேன் பாய்."

"சொல்லாத. நான் சொல்லல இல்ல? எதுக்கு பேஜாரு? கன்னியம்மா மூஞ்சில எப்டி முழிப்ப?"

"சொல்லலன்னா அவங்கள சோல்ஜருன்னு எழுதிடுவாங்க."

நாசர் இல்லாத காலைத் தடவினார். தடவ ஒன்றும் இல்லை. பெட்ஷீட்டைத் தடவினார். "துப்பாக்கி தூக்குனோம் இல்ல ஏழுமல? அந்த பஸ்ஸு. அதையும் சொல்லுவியா?"

"சொல்லுவேன்."

"அப்ப போய் சொல்லு. நான் ஓதுன தாளயும் சொல்லு. ராகமா ஓதுனேன்னு சொல்லு." முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

திங்கட்கிழமை. திருவள்ளூர் கோர்ட். பதினொன்று இருபதுக்கு என் பெயரைக் கூப்பிட்டார்கள். கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டேன். பின்பெஞ்சில் கன்னியம்மா. அவளுக்குப் பக்கத்தில் சுமதி.

"அது அணிவகுப்புதானே?" ஏஜென்டின் வக்கீல் கேட்டார்.

"இல்லீங்க சார். பயர் டிரில்."

யாரோ சிரித்தார்கள். ஜட்ஜ் அம்மா நிமிர்ந்து பார்த்தார். சத்தமாகச் சொல்லச் சொன்னார். சொன்னேன். மில். சங்கு. பச்சைப் பலகை. செவ்வாய்க்கிழமை பர்னஸ் வெடித்தது. நாற்பத்தொன்று. கஜா. பிறகு அந்தத் தொட்டி. எப்படி எண்ணினேன் என்று காட்டச் சொன்னார். காற்றில் கையை வைத்தேன். ஒண்ணு. ரெண்டு. மூணு. நாலு. சிரித்தவர் இப்போது சிரிக்கவில்லை.

"வேலு செஞ்சது சல்யூட்டு இல்லீங்க. அவன் ஆறாவது ஆளு. எண்ணிக்கை சொன்னான்."

நிறுத்தியிருக்கலாம். எங்கள் வக்கீலுக்கு அது போதும். நான் நிறுத்தவில்லை.

"கஜா பள்ளத்துல எறங்கலாம்னான். நவுறாதீங்கன்னு கத்துனது நான்தான். வேலுவ பலகைக்கு ஓடுன்னதும் நான்தான். ஒரு ஆளு கல்லால அடிச்சி சொன்னான். எங்களுக்குப் புரியல."

பஸ்ஸில் இறங்கிய பதினொரு பேரையும் சொன்னேன். ஏறிய ஏழு பேரையும் சொன்னேன். எங்கள் வக்கீல் வேண்டாம் என்று கையைக் காட்டினார். சொல்லி முடித்தேன். டைப் அடிப்பவர் அடித்துக்கொண்டே இருந்தார்.

வெளியே வராண்டாவில் சுமதி நின்றிருந்தாள். அடிப்பாள் என்று நினைத்தேன். அடித்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன். அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"பன்னண்டு வருசம் குடும்பம் நடத்துனேன். நான் நில்லுன்னா ஒரு நாள் நின்னதில்ல அந்த மனுசன். நீ சொன்னன்னு நின்னானா?"

நான் ஆமாம் என்றேன்.

"சரி," என்றாள். போய்விட்டாள். அதன் பிறகு ரேஷன் கடையில் பார்த்தாலும் கேள்வி கேட்பதில்லை. நான் இருப்பதே தெரியாதது போல வரிசையில் நிற்பாள்.

பெரியபாளையம் வழியாகப் போகும் பஸ்ஸில் ஏறினோம். கன்னியம்மா ஜன்னல் பக்கம். ஊத்துக்கோட்டை கூட்ரோடு தாண்டியதும் என் பக்கம் திரும்பினாள்.

"உன் கொரலு கேட்டுத்தான் வேலு வெளிய வந்தானா?"

"ஆமா."

"அக்கான்னு சொன்னான்னியே. அது?"

"தெரியாது. காது கேக்கல."

அவள் முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டாள். கவரைப்பேட்டையில் கூட்டம் ஏறியது. எழுந்து பெண்கள் பக்கம் போய் நின்றுகொண்டாள். வீட்டில் இன்றும் எனக்குச் சோறு போடுகிறாள். தட்டை வைத்துவிட்டுப் போகிறாள். பெயர் சொல்லியோ சொல்லாமலோ என்னைக் கூப்பிடுவதில்லை. தீர்ப்பு இன்னும் வரவில்லை.

எண்ணிக்கை இது.

கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனில் ரயில் ஏறியவர்கள் ஆறு பேர். திரும்பி வந்தவர்கள் இரண்டு பேர். தேவராஜ், ஐம்பத்தாறு வயது. முரளி, நாற்பது. கஜேந்திரன், நாற்பத்து மூன்று. வேலு, முப்பத்திரண்டு. சூளைக்குப் பக்கத்தில் நான்கு சாக்கு. ஊருக்கு ஒன்றும் வரவில்லை. கொள்ளி வைக்க ஒரு விரல்கூட வரவில்லை. கணவன் இல்லாதவர்கள் மூன்று பேர். வேலுவுக்குப் பார்த்து வைத்திருந்த பெண்ணைச் சேர்க்கவில்லை. அப்பா இல்லாத பிள்ளைகள் ஆறு. நாசரின் வலது கால். நாசரின் ஒரு காது.

பஸ்ஸிலிருந்து இறங்கித் திரும்ப ஏறாதவர்கள் நான்கு பேர். ஒருவர் வெள்ளைத் தாடி வைத்திருந்தார். மற்ற மூவரின் முகம் எனக்கு நினைவில்லை. அவர்களுக்கும் வீட்டில் யாராவது எண்ணிக்கொண்டிருப்பார்கள்.

செருப்பு ஒன்று. சிவப்பு ரப்பர். இடது கால். போட்டிருந்த பிள்ளை இருக்கிறதா இல்லையா என்று எனக்குத் தெரியாது. அதையும் எண்ணினேன்.